பரோல், தண்டனைக் குறைப்பு, விடுதலைக்குப் பின்: தர்மபுரி, கிருஷ்ணகிரி பக்கம் திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

தர்மபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களில் நீண்ட தண்டனை பெறுகிறவர்கள் பெரும்பாலும் சேலம் மத்திய சிறைக்கோ வேலூருக்கோ அனுப்பப்படுகிறார்கள். வீட்டார் ‘மனு பார்க்க’, அதாவது கைதியைச் சந்திக்க, போகும் நாளில் சிறை வாசலில் ஒன்று சொல்வார்கள், ஊரில் ஒன்று சொல்வார்கள், கோர்ட்டு வளாக டீக்கடையில் இன்னொன்று சொல்வார்கள். ஒரே சந்தேகங்கள் மறுபடி மறுபடி வருவதால் அவற்றைக் கேட்டவர்கள் கேட்டபடியே இங்கே தொகுத்திருக்கிறோம்.

பரோல், ஜாமீன், முன்விடுதலை எல்லாம் ஒண்ணுதானே? எதுக்கு வேற வேற மனு?

ஒன்றல்ல. ஜாமீன் கொடுப்பது நீதிமன்றம். வழக்கு நடக்கும்போது கேட்டால் அது ஜாமீன். தண்டனை வந்து, மேல்முறையீடு போட்டபின் கேட்டால் அது தண்டனை நிறுத்திவைப்பு. பரோல் என்று ஊரில் சொல்வதற்குத் தமிழ்நாட்டு விதிகளில் ‘லீவு’ என்று பெயர். அதைக் கொடுப்பது சிறை நிர்வாகமும் அரசும். சில நாள் வெளியே இருந்துவிட்டுத் திரும்பிப் போக வேண்டும்.

முன்விடுதலை என்றால் மீதித் தண்டனையை அரசு தள்ளிவிட்டு ஒரேயடியாக வெளியே விடுவது. இதிலும் இரண்டு வழி உண்டு. ஒன்று பி.என்.எஸ்.எஸ். (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 473-ஆவது பிரிவு (1.7.2024-க்கு முன் இது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 432). மற்றொன்று அரசியல் சட்டத்தின் 161-ஆவது பிரிவுப்படி ஆளுநருக்கு உள்ள அதிகாரம். எந்தக் கதவுக்கு எந்த மனு என்பது தெரியாமல் கலெக்டர் ஆபீஸ் மக்கள் குறைதீர் நாளில் போய் மனு கொடுத்துவிட்டு மாதக்கணக்கில் காத்திருப்பவர்கள் நிறைய. அந்த மனு கடைசியில் சிறைக்குத்தான் திருப்பி அனுப்பப்படும்.

லீவு எத்தனை வகை? யார் குடுப்பாங்க?

தமிழ்நாடு தண்டனை நிறுத்திவைப்பு விதிகள், 1982 என்ற விதிகளின்படி இரண்டு வகை. அவசர லீவு: சாவு, கடும் நோய், கல்யாணம் போன்றவற்றுக்கு. சாதாரண லீவு: குடும்பத்துக்குப் பிழைப்பு வழி பார்ப்பது, வீடு கட்டுவது அல்லது பழுது பார்ப்பது, பிள்ளைகளைப் பள்ளியிலோ கல்லூரியிலோ சேர்ப்பது, பாகப்பிரிவினை போன்ற குடும்பத் தகராறைத் தீர்ப்பது, விதைப்பு, அறுவடை ஆகியவற்றுக்கு.

அவசர லீவு மனுவைச் சிறைக் கண்காணிப்பாளரே எடுத்துப் பார்ப்பார். சாதாரண லீவு சரகச் சிறைத்துறை டி.ஐ.ஜி. வரை போகும். விதிகளுக்குள் அடங்காத விஷயம் என்றால் 40-ஆவது விதிப்படி விலக்களிக்கும் அதிகாரம் அரசுக்கு மட்டும் உண்டு. அந்த மனு உள்துறைக்குப் போக வேண்டும். ‘ரூல் 40 மனு’ என்று வக்கீல்கள் சொல்வது இதைத்தான்.

அம்மா இன்னிக்குக் காலையில தவறிட்டாங்க. அண்ணன் சேலம் ஜெயில்ல இருக்கார். எடுக்கறதுக்குள்ள கூட்டியாற முடியுமா?

முடியும், ஆனால் எல்லாம் முதல் இரண்டு மணி நேரத்தில் நடக்க வேண்டும். முதல் வேலையாகச் சிறைக்குத் தகவல் சொல்லுங்கள். கூடவே ஒருவரை எழுத்து மனுவோடு நேரில் அனுப்புங்கள். இறப்புச் சான்று அன்றைக்கே கிடைக்காது. அதற்காகக் காத்திருக்க வேண்டாம். ஆஸ்பத்திரியில் இறந்திருந்தால் அங்கே தரும் இறப்பு அறிக்கை, வீட்டில் இறந்திருந்தால் கிராம நிர்வாக அலுவலர் எழுதித் தரும் கடிதம் போதும். உங்கள் ஊர் காவல் நிலையத்துக்கும் இன்னொருவர் போய்ச் சொல்லிவைக்க வேண்டும். சிறையிலிருந்து விவரம் சரிபார்க்க அங்கேதான் கேட்பார்கள். அந்த நேரத்தில் ஸ்டேஷனில் யாருக்கும் விஷயம் தெரியவில்லை என்றால் அங்கேயே நேரம் போய்விடும்.

அடுத்த தடை வழிக்காவல் (கைதியோடு வரும் போலீஸ்). உத்தரவு கையெழுத்தாகியும் ஆயுதப்படையிலிருந்து ஆள் வரத் தாமதமாவதால் அடக்கம் முடிந்தபின் வந்து சேர்ந்தவர்கள் உண்டு. அரூர், பென்னாகரம் பக்கம் என்றால் பயண நேரத்தையும் கணக்கில் வைத்து, எடுக்கும் நேரத்தை மாலைக்குத் தள்ளிவைப்பது நல்லது. மனுவில் ‘இன்று மாலை 5 மணிக்கு நல்லடக்கம்’ என்று நேரத்தையும் இடத்தையும் எழுதுங்கள். ‘சீக்கிரம் அனுப்பவும்’ என்று எழுதினால் அதற்கு ஒரு பலனும் இல்லை.

யாருடைய சாவு என்பதும் முக்கியம். அப்பா, அம்மா, கணவன், மனைவி, மகன், மகள், உடன்பிறந்தவர்கள் வரை விதி இடம் தருகிறது. தாத்தா, பெரியப்பா, மாமனார் எல்லாம் அந்தப் பட்டியலில் வரமாட்டார்கள். ‘வளர்த்த பெரியப்பா, அப்பா மாதிரி’ என்றால் சிறை அதிகாரியால் எதுவும் செய்ய இயலாது. அரசிடமோ உயர் நீதிமன்றத்திடமோதான் கேட்க வேண்டும்.

அவசர லீவு எத்தனை நாள்?

ஆண்டில் கூடிப்போனால் 15 நாள். அதையும் ஒரேயடியாகத் தரமாட்டார்கள், பிரித்துத்தான். சாவுக்குப் போய்வந்தவர் காரியத்துக்கு மறுபடி கேட்கலாம். எனவே முதல் முறையே எல்லா நாளையும் கேட்டு வாங்கிவிடப் பார்க்காதீர்கள்.

தம்பி உள்ள போயி ரெண்டு வருஷம் ஆச்சு. மாங்கா அறுப்புக்கு லீவு கேட்டா குடுப்பாங்களா?

சாதாரண லீவுக்கு 3 ஆண்டு சிறையில் கழிந்திருக்க வேண்டும். ஆகவே இப்போது கிடையாது. 3 ஆண்டு முடிந்தபின் பொதுவாக 21 நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள் கொடுப்பார்கள். ஒருமுறை போய்வந்தால் அடுத்ததற்கு இடைவெளி விட்டாக வேண்டும். எல்லாரும் இதற்குத் தகுதியும் இல்லை. பாலியல் வன்கொடுமை, கூட்டுக்கொள்ளை, கள்ளநோட்டு போன்ற சில பிரிவுகளில் தண்டனை பெற்றவர்களையும், வேறு வழக்கு விசாரணையில் நிலுவையில் உள்ளவர்களையும் விதி ஒதுக்கிவைக்கிறது. பழைய அடிதடி வழக்கு ஒன்று ஊத்தங்கரையிலோ தேன்கனிக்கோட்டையிலோ வாய்தா வாய்தாவாக இழுத்துக்கொண்டிருந்தால், லீவு மனு அதில்தான் போய் முட்டும். முதலில் அந்த வழக்கை முடிக்கப் பாருங்கள்.

மாங்காய் அறுப்பு கிருஷ்ணகிரி பக்கம் மே, ஜூனில் வருகிறது என்றால் மனு ஜனவரி, பிப்ரவரியிலேயே போக வேண்டும். போலீஸ் அறிக்கை, நன்னடத்தை அலுவலர் (புரொபேஷன் ஆபீசர்) அறிக்கை இரண்டும் வந்து, கோப்பு டி.ஐ.ஜி. மேசைக்குப் போய்த் திரும்ப மாதங்கள் ஆகும். ஏப்ரல் கடைசியில் கொடுத்த மனுவுக்கு அறுப்பு முடிந்தபின் ‘காரணம் இப்போது இல்லை’ என்று பதில் வருவது சகஜம்.

மனுவுல என்னதான் எழுதணும்? எழுதித் தர 2,000 ரூபா கேக்கறாங்க.

வெள்ளைத் தாளில் நீங்களே எழுதலாம். கைதி உள்ளே இருந்தும் எழுதிக் கொடுக்கலாம், வீட்டாரும் கொடுக்கலாம். இரண்டும் போனால் இன்னும் நல்லது, ஆனால் இரண்டிலும் காரணம் ஒன்றாக இருக்க வேண்டும். அவர் ‘வீடு பழுது’ என்றும் நீங்கள் ‘தங்கச்சி கல்யாணம்’ என்றும் எழுதினால் இரண்டுமே அடிபடும்.

மேலே ‘பெறுநர்: சிறைக் கண்காணிப்பாளர்’ என்று போட்டு, கைதியின் பெயர், தகப்பனார் பெயர், தண்டனைக் கைதி எண், தண்டித்த நீதிமன்றம், வழக்கு எண், சட்டப் பிரிவு, தீர்ப்புத் தேதி, இதுவரை கழித்த காலம் ஆகியவற்றை எழுதுங்கள். பிறகு காரணம். எத்தனை நாள், எந்தத் தேதியிலிருந்து என்பது. தங்கப்போகும் வீட்டின் முழு முகவரி, அது எந்தக் காவல் நிலைய எல்லை என்பது. பொறுப்பேற்று ஜாமீன் கையெழுத்துப் போடுபவர் பெயர், உறவு, போன் எண். ஆதார், ரேஷன் கார்டு நகல்களோடு காரணத்துக்கு ஏற்ற சான்றை இணையுங்கள். கல்யாணத்துக்குப் பத்திரிகையும் மண்டப ரசீதும், விவசாயத்துக்குப் பட்டா, சிட்டா, அடங்கல், வீட்டுப் பழுதுக்கு வீட்டுவரி ரசீதும் போட்டோவும், நோய்க்கு அரசு மருத்துவர் சான்று. தனியார் கிளினிக் சீட்டு மட்டும் இருந்தால் எடுபடுவது கஷ்டம்.

நேரில் கொடுத்தால் நகலில் முத்திரை போட்டு வாங்குங்கள். தபால் என்றால் ஒப்புகையோடு விரைவுத் தபால் (ஸ்பீட் போஸ்ட்). பிற்பாடு உயர் நீதிமன்றம் போக வேண்டி வந்தால் மனு கொடுத்த தேதிக்கு அதுதான் ஆதாரம்.

போலீஸ்காரங்க ‘விட்டா ஊர்ல பிரச்சினை வரும்’னு எழுதிட்டாங்களாம். அவ்வளவுதானா?

அந்த ஒரு வரிக்காக மனுவைத் தள்ளிவிடுவது வழக்கமாக நடக்கிறது. ஆனால் அது முடிவல்ல. எந்த அடிப்படையில் பிரச்சினை வரும் என்று அறிக்கையில் எதுவும் சொல்லாமல் இருந்தால், அந்த நிராகரிப்பை எதிர்த்துச் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். தர்மபுரியும் கிருஷ்ணகிரியும் சென்னை முதன்மை அமர்வுக்குள் வருபவை, மதுரைக் கிளைக்குப் போக வேண்டாம். நிராகரித்த உத்தரவின் நகலை முதலில் கேட்டு வாங்குங்கள். ‘வாயால சொன்னாங்க’ என்பதை வைத்து ரிட் நடத்த முடியாது.

அறிக்கை போவதற்கு முன்பே செய்யக்கூடியதும் ஒன்று உண்டு. கொலையுண்டவர் வீடு அதே தெருவில் என்றால், லீவில் வருபவர் வேறு ஊரில் தங்குவதாக மனுவிலேயே எழுதிவிடுங்கள். ஊர் பாலக்கோடு என்றால் அக்கா வீடு இருக்கும் போச்சம்பள்ளி முகவரியைக் கொடுக்கலாம். விசாரணைக்கு இன்ஸ்பெக்டர் அந்த வீட்டுக்குப் போவார். அக்கா வீட்டுக்காரருக்கு முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும். ‘எனக்கு ஒண்ணும் தெரியாதுங்க’ என்று அவர் சொல்லிவிட்டால் கதை முடிந்தது.

அப்பீல் ஹைகோர்ட்ல இருக்கு. லீவு கேக்கலாமா?

அப்பீல் நிலுவையில் இருக்கும்போது தண்டனையை நிறுத்திவைக்கும் வேலை அப்பீல் நீதிமன்றத்துடையது, பி.என்.எஸ்.எஸ். 430 (பழைய 389). அதனால் சிறையில் லீவு மனுவைப் பெரும்பாலும் திருப்பி அனுப்புவார்கள். அப்பீல் நடத்தும் வக்கீலிடம் சொல்லி அங்கேயே இடைக்கால நிறுத்திவைப்பு கேளுங்கள். கல்யாணம், சாவுக்குச் சில நாள் மட்டும்கூடக் கேட்கலாம். 10 ஆண்டும் அதற்கு மேலும் தண்டனை உள்ள குற்றம் என்றால் அரசு வக்கீலுக்கு எழுத்தில் ஆட்சேபம் சொல்ல வாய்ப்புத் தர வேண்டும், அதற்கான நாளையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

அப்பீலே போடவில்லை என்றால் செஷன்ஸ் தீர்ப்பிலிருந்து உயர் நீதிமன்றம் போக 60 நாள் கெடு. வக்கீல் இல்லாவிட்டாலும் சிறை அதிகாரி மூலமாகவே அப்பீல் அனுப்பலாம். கெடு தாண்டிவிட்டால் தாமதத்தை மன்னிக்கக் கேட்கும் மனுவோடு போட வேண்டும்.

லீவுல இருக்கிற நாளும் தண்டனையில கழியுமில்ல?

கழியாது. அந்த நாள்களில் தண்டனை நிறுத்தி வைக்கப்பட்டிருக்கிறது. 21 நாள் வெளியே இருந்தால் விடுதலைத் தேதி 21 நாள் தள்ளிப்போகும். 14 ஆண்டு கணக்குப் பார்க்கும்போதும் பரோல் நாள்களைக் கழித்துத்தான் பார்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கோவா வழக்கு ஒன்றில் ஜனவரி 2023-இல் சொல்லிவிட்டது.

திரும்பிப் போறதுக்கு ஒரு நாள் லேட் ஆயிட்டா?

போன் செய்து சொன்னால் போதும் என்று நினைக்காதீர்கள். லீவு நீட்டிப்புக்கு லீவு முடிவதற்கு முன்பே மனு கொடுத்து உத்தரவு கையில் வர வேண்டும். உத்தரவு வராவிட்டால் குறித்த நாளில், மாலை லாக்கப்புக்கு முன் வாசலில் நிற்க வேண்டும். உடம்பு சரியில்லை என்றால் அரசு ஆஸ்பத்திரியில் உள்நோயாளியாகச் சேர்ந்து, அதை ஸ்டேஷனுக்கும் சிறைக்கும் எழுத்தில் தெரிவிக்க வேண்டும்.

காரணமில்லாமல் தங்கிவிட்டால் போலீஸ் தேடிவந்து பிடிக்கும், தனி வழக்கு வரும், ஜாமீன் கையெழுத்துப் போட்டவர் மாட்டுவார். அடுத்த லீவும் முன்விடுதலையும் வெகுதூரம் போய்விடும். தினமும் ஸ்டேஷனில் கையெழுத்துப் போடும் நிபந்தனை இருந்தால் ஒரு நாள்கூட விடக்கூடாது. ஞாயிற்றுக்கிழமையும் ஸ்டேஷன் திறந்துதான் இருக்கும்.

ஆயுள்னா 14 வருஷம்தானே? 14 முடிஞ்சா தானா வந்துருவாரு?

இல்லை. ஆயுள் தண்டனை என்றால் ஆயுள் முடியும்வரை. 1961-இலேயே உச்ச நீதிமன்றம் கோட்சே வழக்கில் இதைச் சொல்லிவிட்டது (கோபால் கோட்சே தொடுத்த வழக்கு). 14 என்ற எண் வருவது வேறு இடத்தில். மரண தண்டனையும் விதிக்கக்கூடிய குற்றத்துக்கு ஆயுள் பெற்றவரை, கொலை அப்படிப்பட்டது, 14 ஆண்டு உண்மையாகச் சிறையில் கழிக்காமல் 473-இன் கீழ் விடக்கூடாது என்று பி.என்.எஸ்.எஸ். 475 (பழைய 433-ஏ) சொல்கிறது. 14 என்பது அதற்குமுன் கேட்கவே முடியாது என்ற வரம்பு. அன்றைக்குக் கதவு திறக்கும் என்ற வாக்குறுதி அல்ல. நன்னடத்தைக்கும் வேலைக்கும் சிறையில் கிடைக்கும் ரெமிஷன் (தண்டனைக் குறைப்பு) நாள்களும் இந்த 14-இல் சேராது.

ரிமாண்டுல இருந்த 11 மாசம் இந்தக் கணக்குல வருமா? ரெண்டு ஆயுள் குடுத்திருக்காங்க, 28 வருஷமா?

ரிமாண்டு நாள் வரும். அந்த வழக்குக்காக உள்ளே இருந்த விசாரணைக் காலம் தண்டனையில் கழியும் (பி.என்.எஸ்.எஸ். 468), ஆயுள் கைதிக்கும் இது பொருந்தும். தீர்ப்பில் ‘ஏற்கனவே இருந்த காலம் கழிக்கப்படும்’ என்ற வரியும் நாள்களின் எண்ணிக்கையும் சரியாக இருக்கிறதா என்று பாருங்கள். வேறு வழக்கில் உள்ளே இருந்த நாளை இதில் ஏற்ற முடியாது.

இரண்டு ஆயுளை ஒன்றன்பின் ஒன்றாக அனுபவிக்கச் சொல்ல முடியாது. தமிழ்நாட்டிலிருந்து போன முத்துராமலிங்கம் வழக்கில் 2016-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தீர்த்துவைத்தது. ஆனால் 7 ஆண்டு, 10 ஆண்டு போன்ற தண்டனைகளை முதலில் முடித்துவிட்டு ஆயுள் தொடங்க வேண்டும் என்று தீர்ப்பு சொல்லலாம். தீர்ப்பில் ‘ஏககாலத்தில்’ என்று இருக்கிறதா, ‘ஒன்றன்பின் ஒன்றாக’ என்று இருக்கிறதா என்பதை முதலில் தேடிப் படியுங்கள்.

14 முடிஞ்சுது. யாரைப் பாக்கணும்?

தகுதி வந்தவர்களை அரசு தானாகவே பரிசீலிக்க வேண்டும், கைதி மனு போடவில்லை என்பதற்காக விட்டுவிடக்கூடாது என்று 18.2.2025-இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது. இருந்தாலும் மனு போடுங்கள். பரிசீலனை எங்கே நிற்கிறது என்று கேட்க அந்த மனு எண் உதவும்.

கோப்பில் தண்டித்த நீதிமன்றத்தின் கருத்து, போலீஸ் அறிக்கை, நன்னடத்தை அலுவலர் அறிக்கை, சிறை நடத்தைப் பதிவு எல்லாம் சேரும். நீதிபதி ‘பரிந்துரைக்கவில்லை’ என்று ஒரே வரியில் எழுதினால் போதாது, காரணம் சொல்ல வேண்டும் என்று 2022-இல் சத்தீஸ்கர் வழக்கில் தீர்ப்பு உண்டு. எந்தக் கொள்கை பொருந்தும் என்பதிலும் குழப்பம் வருகிறது. தண்டனை வந்த நாளில் இருந்த கொள்கைதான் அடிப்படை, பின்னால் வந்தது சாதகமாக இருந்தால் அதைக் கேட்கலாம். விடுதலை உரிமை கிடையாது. ஆனால் நியாயமாகப் பரிசீலிக்கப்படுவது உரிமை. நீதிமன்றங்களில் வெல்லும் மனுக்கள் இந்த இரண்டாவதைப் பிடித்துக்கொண்டு எழுதப்பட்டவை.

பஸ் எரிச்சவங்களையே விட்டாங்க. எங்கப்பா 13 வருஷமா உள்ள இருக்கார். அவருக்கு மட்டும் ஏன் இல்ல?

தர்மபுரியில் இந்தக் கேள்வி கோபத்தோடுதான் வரும். 2.2.2000 அன்று இலக்கியம்பட்டியில் வேளாண் கல்லூரி மாணவிகள் வந்த பஸ் எரிக்கப்பட்டு மூன்று பேர் இறந்தார்கள். மூவருக்கு 2007-இல் சேலம் நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது. 2010-இல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. 2016-இல் அது ஆயுளாகக் குறைந்தது. 19.11.2018-இல் மூவரும் வேலூர் சிறையிலிருந்து வெளியே வந்தார்கள்.

14 ஆகாமல் எப்படி என்றால், அது 473 வழியல்ல, 161 வழி. எம்.ஜி.ஆர். நூற்றாண்டுக்காக 1.2.2018-இல் வந்த அரசாணை, 25.2.2018 அன்று 10 ஆண்டு முடித்த ஆயுள் கைதிகளுக்கு விடுதலை என்றது. ஆளுநருக்கு உள்ள 161 அதிகாரத்தை 14 ஆண்டு வரம்பு கட்டாது. ஆளுநர் அதை அமைச்சரவை ஆலோசனைப்படிதான் செய்ய வேண்டும்; பேரறிவாளன் வழக்கில் 18.5.2022-இல் வந்த தீர்ப்பும் இதை மறுபடி சொன்னது. பஸ் வழக்கில் ஆளுநர் முதலில் திருப்பி அனுப்பிய கோப்பை அரசு மறுபடி அனுப்பித்தான் கையெழுத்து வாங்கியது.

உங்கள் அப்பா விஷயத்தில் இரண்டைப் பாருங்கள். அந்தத் தேதியில் அவருக்கு 10 ஆண்டு முடிந்திருந்ததா? அவருடைய பிரிவுகளில் அரசாணை விலக்கியது ஏதாவது உண்டா? இப்படிப்பட்ட ஆணை எல்லாம் ஒரு தேதியைக் குறித்து வருபவை, அண்ணா பிறந்தநாளை ஒட்டி 2021-இல் 700 பேருக்கு அறிவித்ததும் அப்படித்தான். ஒரே அரசாணையில் ஒரே நிலையில் உள்ள ஒருவரை விட்டு மற்றவரை மறுத்திருந்தால் மட்டுமே சமத்துவம் என்று கோர்ட்டில் பேச இடமிருக்கிறது. இந்த ஆணைகளில் அரசியல் வாசம் இல்லை என்று யாரும் சொல்லமாட்டார்கள், ஆனால் ரிட் மனுவில் அதை எழுதிப் பயனில்லை.

தீர்ப்புலயே ‘25 வருஷம், தண்டனைக் குறைப்பு கூடாது’ன்னு போட்டிருக்கு. லீவாவது உண்டா?

உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் இப்படி எழுதலாம் என்று 2015-இல் முருகன் என்ற ஸ்ரீஹரன் வழக்கில் தீர்ப்பு வந்தது. 25 முடியும்வரை 473 வழி அடைபடும், 161 அடைபடாது. லீவு வேறு விஷயம், அது தண்டனைக் குறைப்பு அல்ல. மேலே சொன்ன தகுதிகள் இருந்தால் கேட்கலாம்.

கஞ்சா கேஸ்ல 10 வருஷம். அவனுக்கு?

போதைப்பொருள் சட்டம் 32-ஏ தண்டனைக் குறைப்பைத் தடுக்கிறது. ஆகவே 10 என்றால் 10-தான், ரெமிஷனை எதிர்பார்க்காதீர்கள். பரோலை அந்தப் பிரிவு தடுக்கவில்லை என்றும், அப்பீல் நீதிமன்றம் தண்டனையை நிறுத்திவைக்கலாம் என்றும் 2000-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அது எளிதில் கிடைக்காது என்பது வேறு.

நாங்க ஓசூர். தம்பி பரப்பன அக்ரஹாராவுல இருக்கான். தமிழ்நாட்டு ரூல்படி லீவு கேக்கலாமா?

முடியாது. தண்டித்தது கர்நாடக நீதிமன்றம் என்றால் கர்நாடக விதி, கர்நாடக அரசு. பெங்களூரில் மனு கொடுக்க வேண்டும். விசாரிக்க அங்கிருந்து கடிதம் ஓசூர் ஸ்டேஷனுக்கு வரும். இந்த எல்லை தாண்டும் கடிதம்தான் பெரும்பாலும் தாமதத்துக்குக் காரணம், ஆகவே எந்தத் தேதியில் எந்த எண்ணில் அனுப்பினார்கள் என்று கேட்டு வைத்துக்கொண்டு இங்கே போய்ப் பின்தொடருங்கள். செம்மர வழக்குகளில் ஆந்திரச் சிறைகளில் இருக்கும் சித்தேரி மலைக்காரர்களுக்கும் இதே கதைதான்.

இரு அரசும் சம்மதித்தால் கைதியைச் சொந்த மாநிலச் சிறைக்கு மாற்றலாம். மனு பார்க்கப் போகும் செலவு குறையும். ஆனால் தண்டனைக் குறைப்பு தீர்ப்பளித்த மாநிலத்தின் கையில்தான் இருக்கும். பில்கிஸ் பானு வழக்கில் 8.1.2024-இல் குஜராத் அரசு விட்ட 11 பேரின் விடுதலையை உச்ச நீதிமன்றம் ரத்து செய்ததும் இதனால்தான்: விசாரணை நடந்து தீர்ப்பு வந்தது மகாராஷ்டிராவில்.

தண்டனை முடிஞ்சுது, அபராதம் 10,000 கட்டலைன்னு 6 மாசம் கூட இருக்கணுமாம்.

முழுதும் கட்ட முடியாவிட்டாலும் பகுதி கட்டலாம். 10,000-க்கு 6 மாதம் என்றால், 5,000 கட்டினால் 3 மாதம் முடிந்ததும் வெளியே வரலாம். ஏழைக் கைதிகளுக்கு அபராதம் கட்ட மத்திய அரசின் திட்டம் ஒன்று 2023 முதல் இருக்கிறது. அது வந்தபோது தண்டனைக் கைதிக்கு 25,000 ரூபாய் வரை, விசாரணைக் கைதியின் ஜாமீன் தொகைக்கு 40,000 வரை என்று இருந்தது. மாவட்ட அளவில் குழு முடிவு செய்யும். போதைப்பொருள், ஊழல் தடுப்புச் சட்ட வழக்குகளுக்கு இது கிடையாது. சிறை நல அலுவலரிடம் கேட்டு மனு போடுங்கள்.

சின்னத் திருட்டு, முதல் தடவை. ஜெயிலுக்கே போகாம இருக்க வழி உண்டா?

உண்டு, ஆனால் தீர்ப்பு நாளில் வாயைத் திறந்து கேட்க வேண்டும். 1958-ஆம் ஆண்டு நன்னடத்தைச் சட்டத்தின் 3, 4-ஆவது பிரிவுகளில் எச்சரித்தோ, நன்னடத்தைப் பிணை வாங்கியோ விடலாம். மரணம், ஆயுள் விதிக்கக்கூடிய குற்றத்துக்கு 4-ஆவது பிரிவு இல்லை. 21 வயதுக்குக் கீழ் என்றால் 6-ஆவது பிரிவு இன்னும் பலம். சிறைக்கு அனுப்பும் நீதிபதி ஏன் அனுப்புகிறேன் என்று காரணம் எழுத வேண்டும். தண்டனை குறித்துக் கேட்கும்போது ‘வயதான தாய், சிறு குழந்தை’ என்று மட்டும் சொல்லிவிட்டு உட்காரும் வக்கீல்கள்தான் அதிகம். நன்னடத்தை அலுவலர் அறிக்கை வரவழைக்கச் சொல்லிக் கேளுங்கள்.

1.7.2024-க்குப் பிந்தைய குற்றம், 5,000 ரூபாய்க்குக் கீழான பொருள், முதல் முறை, பொருளைத் திருப்பிக் கொடுத்தாயிற்று என்றால் பி.என்.எஸ். சட்டத்தில் (இ.பி.கோ.வுக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதா) சமூகச் சேவையே தண்டனை.

தீர்ப்பே வரல, ரிமாண்டுலயே கெடக்கறான்.

குற்றத்துக்கான அதிகபட்சத் தண்டனையில் பாதியை உள்ளேயே கழித்தவருக்கு ஜாமீன், முதல் முறைக் குற்றவாளி என்றால் மூன்றில் ஒரு பங்கு போதும் (பி.என்.எஸ்.எஸ். 479). மரணம், ஆயுள் வரும் குற்றத்துக்கும் பல வழக்குகள் உள்ளவருக்கும் இல்லை. கெடு வந்ததும் நீதிமன்றத்துக்கு எழுத வேண்டியது சிறைக் கண்காணிப்பாளரின் பொறுப்பு. குண்டர் சட்டத்தில் உள்ளே இருப்பவர் கணக்கு வேறு. அது தண்டனையே அல்ல, ஓராண்டு வரையிலான தடுப்புக்காவல். லீவு விதி பொருந்தாது.

வக்கீலுக்குக் குடுக்க வழியில்ல.

காவலில் இருப்பவருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகத்தில் கேளுங்கள், அல்லது 15100-க்குப் பேசுங்கள். ‘உள்ள ஆள் இருக்கு, 50,000 குடுத்தா லீவு வாங்கித் தரேன்’ என்பவரிடம் பணம் கொடுக்காதீர்கள். தகுதி உள்ளவருக்கு எப்படியும் வரப்போகும் உத்தரவைத்தான் அவர் தன் சாதனையாகக் காட்டுவார்.

வெளிய வந்தாச்சு. பாஸ்போர்ட், சிப்காட் வேலை கெடைக்குமா?

ஒழுக்கக்கேடான குற்றத்துக்கு 2 ஆண்டும் அதற்கு மேலும் தண்டனை பெற்றிருந்தால், தீர்ப்புக்குப் பின் 5 ஆண்டுவரை பாஸ்போர்ட்டை மறுக்கலாம். வேலைக்கு விண்ணப்பிக்கும்போது வழக்கு விவரம் கேட்டிருந்தால் மறைக்காதீர்கள். மறைத்ததற்காகவே அரசு வேலையிலிருந்து நீக்கலாம். நன்னடத்தைச் சட்டத்தில் 3, 4-இன் கீழ் விடப்பட்டவருக்குத் தண்டனையால் வரும் தகுதியிழப்பு ஒட்டாது என்கிறது அதன் 12-ஆவது பிரிவு. இதைக் காட்ட உத்தரவு நகல் வேண்டும். தீர்ப்பு நாளிலேயே சான்றிட்ட நகலுக்கு மனு போட்டு வாங்கிவையுங்கள்.

எங்க பையனக் கொன்னவன லீவுல விடறாங்க. எங்களக் கேக்க மாட்டாங்களா?

போலீஸ் விசாரணையில் உங்கள் தரப்பையும் கேட்பது வழக்கம். ஆனால் ஒவ்வொரு லீவுக்கும் உங்களுக்கு நோட்டீஸ் வரும் என்று காத்திருக்காதீர்கள். மிரட்டல் இருந்தால் தேதி, ஆள், போன் எண் விவரத்தோடு மாவட்ட எஸ்.பி.க்கும் சிறைக் கண்காணிப்பாளருக்கும் எழுதிக் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். உங்கள் ஊருக்குள் நுழையக்கூடாது, வழிக்காவலோடு மட்டும் விட வேண்டும் என்று நிபந்தனை கேட்கலாம். வெறும் ‘விடக்கூடாது’ என்பதைவிட இந்த நிபந்தனை மனுவுக்குக் காது கொடுப்பார்கள்.

முன்விடுதலை முறைகேடாக நடந்தால் எதிர்த்து வழக்குப் போட உங்களுக்கு உரிமை உண்டு. மேலே சொன்ன பில்கிஸ் பானு வழக்கைத் தொடுத்தவர்களில் பாதிக்கப்பட்டவரே ஒருவர். இழப்பீடு இதுவரை வாங்கவில்லை என்றால், குற்றவாளி உள்ளே இருந்தாலும் வெளியே இருந்தாலும், பி.என்.எஸ்.எஸ். 396-இன் கீழ் அதே சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுக்கலாம். முதல் தகவல் அறிக்கை, பிரேதப் பரிசோதனை அறிக்கை, வாரிசுச் சான்று, தீர்ப்பு நகல், வங்கிப் புத்தக நகல் ஆகியவற்றோடு போங்கள்.